மங்காவைத் திரைக்கதையாக்க யாரிடம் கற்பது? ஃபுகுதா, ஓதோமோ, கொரே-எடா, நோகி: ஓர் ஒப்பீடு

படக்கதை ஒன்றை (ஜப்பானியில் மங்கா) திரைக்கதையாக மாற்ற உட்காருகிறவர்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில் சிக்கிக்கொள்கிறார்கள். ஜப்பானியர்கள் இந்த வேலையைப் பல பத்தாண்டுகளாகச் செய்துவருகிறார்கள். படங்களும் தொடர்களும் கொட்டிக் கிடக்கின்றன. அவற்றில் யாருடைய வேலையைக் காட்சி காட்சியாகப் பிரித்துப் படிப்பது? பிடித்த படத்தையே எடுத்துக்கொள்ளலாம் என்று தொடங்கினால், பத்து நாளில் கையிலிருக்கும் கதைக்கும் அந்தப் பாடத்துக்கும் ஒட்டவில்லை என்று தெரியவருகிறது.

இந்தக் கட்டுரை நான்கு பேரை எடுத்துக்கொள்கிறது. யூய்ச்சி ஃபுகுதா, கெய்ஷி ஓதோமோ, ஹிரோகாஸு கொரே-எடா ஆகிய மூவரும் எழுதி இயக்குபவர்கள். நான்காமவர் அகிகோ நோகி, எழுத்தாளர் மட்டுமே. இயக்குநர்களுக்கு நடுவில் அவரைச் சேர்த்ததற்குக் காரணம் உண்டு: எழுத்தில் மட்டும் என்னென்ன சாதிக்கலாம் என்பதை மற்ற மூவரிடமும் தனியாகப் பிரித்துப் பார்க்க முடியாது. அவரிடம் முடியும்.

யார் பெரியவர் என்ற கேள்வி இங்கே இல்லை. மூலக்கதையின் உருவம்தான் ஆசிரியரைத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்பதே எங்கள் உறுதியான கருத்து. அதனால் முதலில் மூலத்தை அளந்துகொள்வோம்.

எதை வைத்து முடிவு செய்வது

முதல் அளவுகோல் நீளம். வார இதழில் வரும் மங்காவின் ஓர் அத்தியாயம் பொதுவாக 18 முதல் 20 பக்கம். ஒன்பது பத்து அத்தியாயங்கள் சேர்ந்து சுமார் 190 பக்கத்தில் ஒரு தொகுதி. திரைப்பக்கம் வேறு கணக்கு ஓடுகிறது. ஜப்பானியத் திரைக்கதையாளர்களின் மரபுக் கணக்குப்படி 400 எழுத்துக் கட்டங்கள் கொண்ட தாள் ஒன்றுக்கு ஒரு நிமிடம். சேனலில் ஒரு மணி நேரத் தொடர் என்றால் விளம்பரம் போக ஏறத்தாழ 45 நிமிடம். ஒரு பருவத்துக்கு 10 அல்லது 11 வாரம். பின்னிரவு அரை மணி நேரத் தொடரில் கைக்குக் கிடைப்பது 24 நிமிடம் போல. திரைப்படம் இரண்டு மணி நேரம். 30 தொகுதிக் கதையை இரண்டு மணி நேரத்துக்குள் அடைப்பதும், 20 பக்கக் கதையை அதே இரண்டு மணி நேரத்துக்கு இழுப்பதும் ஒரே பெயரில் அழைக்கப்படும் இரண்டு வெவ்வேறு தொழில்கள்.

இரண்டாவது, மூலம் முடிந்துவிட்டதா என்பது. முடியாத கதைக்கு முடிவு கட்டுவது யார் என்ற கேள்வி, எழுதத் தொடங்கும் முன்பே பதில் வேண்டிய கேள்வி. இதைத் தள்ளிப்போட்டதால் வந்த துயரத்தைப் பின்னால் பார்ப்போம்.

மூன்றாவது, எது போனால் கதை செத்துவிடும் என்பது. சில மங்காவில் முகமும் தலைமுடியும் நிறமும் போனால் எல்லாம் போயிற்று. சிலவற்றில் அசைவு. சிலவற்றில் பருவகாலம், வீடு, சாப்பாடு. சிலவற்றில் பாத்திரம் தனக்குள் பேசிக்கொள்ளும் குரல். இந்த நான்கில் எது என்று கண்டுபிடிக்க எளிய வழி உண்டு. முதல் தொகுதியிலிருந்து 30 பக்கம் எடுத்து, ஒவ்வொரு பக்கத்திலும் பேச்சுக்குமிழுக்கு வெளியே எழுதியிருக்கும் சொற்களையும் சொல்லே இல்லாத கட்டங்களையும் தனித்தனியாக எண்ணுங்கள். முதலாவது கூடினால் அது உள்குரல் கதை. இரண்டாவது கூடினால் அந்தக் கட்டங்களில் இருப்பது ஓட்டமா, வெறும் வானமும் மரமுமா என்று பாருங்கள். ஓட்டம் என்றால் அசைவு, வானம் என்றால் பருவம். எதுவும் கூடாமல் முகங்களே பக்கத்தை நிறைத்தால் அது முதல் வகை.

நான்காவது ஆளும் பணமும் நாளும். ஐந்தாவது மூல ஆசிரியர். இந்த ஐந்தாவதைத்தான் எல்லோரும் கடைசியில் யோசிக்கிறார்கள்.

| | ஃபுகுதா | ஓதோமோ | கொரே-எடா | நோகி |
|---|---|---|---|---|
| எதைக் காப்பாற்றுகிறார் | முகம், தலைமுடி, சிரிப்பு | அசைவு, கதைவேகம் | பருவம், வீடு, மௌனம் | உள்குரல், வேலை செய்யும் மனிதர்கள் |
| பொருந்தும் மூலம் | தனித்தனி அத்தியாய நகைச்சுவை | நீண்ட, முடிந்த சாகசக் கதை | சிறுகதை, அல்லது நிதானமான தொடர் | ஒரு தொகுதியோ பத்துத் தொகுதியோ, பேச்சு மிகுந்தது |
| பெரிய செலவு | பழகிய நடிகர் கூட்டம் | சண்டைப் பயிற்சி நாட்கள் | காலம் | மீண்டும் மீண்டும் எழுதுதல் |
| எங்கே சறுக்கும் | சிரிப்பு நீண்டு கதை நிற்கும் | பக்கப் பாத்திரங்கள் சுருங்கும் | எதுவும் நடக்காத படமாகும் | சொந்தச் சேர்க்கை மூலத்தை மூடும் |

யூய்ச்சி ஃபுகுதா: முகத்தை விடாதவர்

1968இல் பிறந்த ஃபுகுதா மேடையிலிருந்து வந்தவர். 1990இல் பிராவோ கம்பெனி என்ற நாடகக் குழுவைத் தொடங்கினார். பிறகு தொலைக்காட்சிப் பல்சுவை நிகழ்ச்சிகளுக்கு எழுதினார். மங்கா பக்கம் அவர் பெயர் நிலைத்தது படிப்படியாக: 2013இல் குறைந்த செலவில் 'எச்கே: ஹென்டாய் காமென்', 2014இல் டிவி டோக்கியோ சேனலின் பின்னிரவு நேரத்தில் கஸுஹிகோ ஷிமாமோதோவின் 'அவோய் ஹோனோ', 2017இல் 'கின்டாமா'. கின்டாமா 384 கோடி யென்னுக்கு ஓடியது. அந்த ஆண்டின் நிஜ நடிகர்கள் நடித்த ஜப்பானியப் படங்களில் வசூலில் அதுவே முதலிடம்.

இந்த வரிசையே ஒரு பாடம். சின்னப் படம், பின்னிரவுத் தொடர், பிறகுதான் கோடை வெளியீடு. நகைச்சுவையில் எது விழும், எது விழாது என்பதை மலிவான இடத்தில் சோதித்துவிட்டுப் பெரிய இடத்துக்குப் போயிருக்கிறார்.

கின்டாமாவின் மூலம் ஹிதெஆகி சொராச்சி வரைந்தது. முடிந்தபோது 77 தொகுதி. இதை எப்படி ஒரு படமாக்குவது? முழுக்கதையைச் சுருக்கிச் சொல்லும் ஆசையே ஃபுகுதாவிடம் இல்லை. காட்டில் வண்டு பிடிக்கப் போகும் வேடிக்கை அத்தியாயத்தை முன்னால் வைத்து, பாத்திரங்களைச் சிரிப்பிலேயே அறிமுகம் செய்துவிடுகிறார். பின்பாதியில் 'பெனிசகுரா' என்ற ஒரே தீவிரமான கதைப்பகுதி. அந்தப் பகுதி 2010லேயே அனிமே திரைப்படமாகத் தனித்து நின்று காட்டியது. 2018இல் வந்த இரண்டாம் பாகத்திலும் இதே அமைப்புதான்: முன்னால் ஆட்சித்தலைவர் ஷோகுனை வைத்து நகைச்சுவை, பின்னால் ஷின்செங்குமி என்ற காவல் படையின் உட்பூசல். தொடர்பற்ற இரண்டு துண்டுகளை ஒட்டும்போது முதல் துண்டில் சிரிக்கவைத்த ஆட்களே இரண்டாம் துண்டில் கத்தி எடுக்க வேண்டும். இல்லாவிட்டால் ஒட்டு தெரியும்.

இவரிடம் கற்க வேண்டிய இன்னொன்று, விக்கைப் பற்றி வெட்கப்படாதது. வெள்ளிநிற முடி என்றால் வெள்ளிநிற முடி. 'நடைமுறைக்கு ஏற்ப' என்று நிறத்தைப் பாதி குறைத்தால் அது மங்காவும் ஆகாது, நிஜ மனிதனும் ஆகாது. முழுதாகச் செய்தால் பார்வையாளர் பத்து நிமிடத்தில் ஒப்புக்கொள்கிறார். ஹிரோயுகி நிஷிமோரியின் 38 தொகுதி மங்காவான 'க்யோ கரா ஓரே வா' விஷயத்திலும் இதையே செய்தார். 1980களின் போக்கிரி மாணவர்களின் சுருள்முடியையும் பொன்முடியையும் 2018 தொடரில் அப்படியே கொண்டுவந்தார். 2020இல் வந்த அதன் திரைப்படம் 537 கோடி யென் வசூலித்தது.

மறைந்திருக்கும் செலவு நடிகர்கள். த்சுயோஷி மூரோ, ஜிரோ சாதோ இருவரும் இவருடைய படைப்புகளில் திரும்பத் திரும்ப வருகிறார்கள். எழுதிய வசனத்தைத் தாண்டி அவர்கள் இழுத்துக்கொண்டு போவதும், எதிரே நிற்பவர் சிரிப்பை அடக்கத் திணறுவதும் இந்தப் பாணியின் இதயம். பல ஆண்டுப் பழக்கமில்லாத நடிகர்களிடம் 'இந்த இடத்தில் சொந்தமாகப் பேசுங்கள்' என்று சொன்னால் நான்கு நிமிடக் காட்சியில் சிரிப்பு நாற்பது விநாடிதான் வரும். மீதி படத்தொகுப்பு மேசையில் விழும். அப்போது இன்னொரு சிக்கல்: ஒரே ஷாட்டில் எடுத்ததை வெட்ட இடம் இருக்காது. ஆகவே இந்த வழியில் போகிறவர்கள் எதிர்முகத்தின் ஷாட்டைக் கட்டாயம் தனியாக எடுத்து வைத்துக்கொள்ள வேண்டும்.

பகடிக்கும் விலை உண்டு. மங்காவில் இன்னொரு படைப்பைக் கிண்டல் செய்யும் கட்டம் திரைக்கு வரும்போது உடை, இசை, உருவம் எல்லாம் சேர்ந்து உரிமைப் பிரச்சினையாக வளர்ந்துவிடும். அத்தகைய துணுக்குகளைத் தனியாகப் பட்டியலிட்டு, அனுமதி கிடைக்காவிட்டால் எடுக்க வேண்டிய மாற்றுக் காட்சியையும் கூடவே எழுதி வைப்பது நல்லது.

கெய்ஷி ஓதோமோ: வெட்டுவதற்கு அஞ்சாதவர்

இவரைச் சண்டைக்காகப் பார்ப்பவர்களே அதிகம். சண்டைக்கு அப்பால்தான் உங்களுக்கான பாடம் இருக்கிறது.

ஓதோமோ 1990இல் என்எச்கே என்ற பொதுத் தொலைக்காட்சி நிறுவனத்தில் சேர்ந்தவர். 2010இல் வந்த 'ர்யோமாதென்' என்ற ஆண்டு முழுதும் ஓடும் வரலாற்றுத் தொடரின் முதன்மை இயக்குநர். 2011இல் வேலையை விட்டார். 2012 ஆகஸ்டில் 'ருரூனி கென்ஷின்' வந்தது. நாயகன் கென்ஷினாக வரும் டகேரு சாதோ அதே வரலாற்றுத் தொடரில் கொலையாளி இஸோவாக நடித்தவர். அதாவது, நடிகரைப் பழைய வேலையிலேயே சோதித்துக் கொண்டுவந்திருக்கிறார்.

மூலம் நொபுஹிரோ வாத்சுகியின் 28 தொகுதிகள், 1994 முதல் 1999 வரை. முதல் படத்துக்கு எடுத்துக்கொண்டது ஏறத்தாழ முதல் நான்கு தொகுதிகள். மூலத்தில் அடுத்தடுத்து வரும் தனித்தனிப் பகைவர்களைப் படம் எப்படிக் கோத்திருக்கிறது என்று பாருங்கள். கென்ஷினின் பழைய பெயரைச் சொல்லிக் கொலை செய்யும் போலி மூலத்தில் ஒருவன், ஜின்-ஏ இன்னொருவன். படத்தில் இருவரும் ஒருவனே. அந்த ஜின்-ஏயும், அபின் வியாபாரி கான்ர்யூவிடம் கூலிக்கு வேலை செய்பவனாக ஆகிவிடுகிறான். மூன்று கதைகள் ஒரு முடிச்சுக்குள் வந்துவிட்டன. ஏழாவது தொகுதியில் வர வேண்டிய போலீஸ்காரன் சாய்தோ முதல் படத்திலேயே வருகிறான். கான்ர்யூவின் கதையில் இருந்த அஓஷியோ அடுத்த படத்துக்குத் தள்ளிவைக்கப்படுகிறான். இப்படி இணைப்பது, முன்னிழுப்பது, தள்ளுவது என்ற மூன்றே செயல்களால் ஒரு படம் நிற்கிறது.

பிறகு வந்தவற்றில் கியோத்தோவில் நடக்கும் கதைப்பகுதி 2014இல் ஆறு வார இடைவெளியில் இரண்டு படங்களாக வந்தது. கடைசிப் பகுதி 2021இல் இரண்டு படங்கள். அதில் ஒரு துணிச்சலான முடிவு உண்டு. மூலத்தில் பழிவாங்கும் கதைக்கு நடுவே பிளாஷ்பேக்காக வரும் கென்ஷினின் இளமைக்காலம், படத்தில் தனியாகப் பிரிக்கப்பட்டு, எல்லாம் முடிந்த பிறகு ஐந்தாவது படமாக வருகிறது. பார்வையாளருக்கு முடிவு முன்பே தெரியும். அதனால் அந்தப் படத்தில் 'என்ன ஆகும்' என்ற பதற்றம் இல்லாமல் துயரம் மட்டும் நிற்கிறது. நீண்ட பிளாஷ்பேக் உள்ள கதையைக் கையில் வைத்திருப்பவர்கள் இந்த ஒரு முடிவைப் பார்ப்பதற்காகவாவது கடைசி இரண்டு படங்களையும் அடுத்தடுத்துப் பார்க்க வேண்டும்.

செலவு வெளிப்படை. சண்டை அமைத்தவர் ஹாங்காங்கில் டோனி யென்னுடன் நீண்டகாலம் வேலை செய்த கென்ஜி தனிகாகி. அந்த அளவு பயிற்சிக்கு நாளும் பணமும் இல்லாதவர் சண்டையைப் போலி செய்ய முயன்றால் பரிதாபமாக இருக்கும். மறைவான செலவு வேறு: பகைவர் கூட்டத்தில் ஆளுக்கொரு வரலாறு வைத்திருக்கும் மூலத்தில், படத்தில் இரண்டு மூன்று பேரைத் தவிர மற்றவர்கள் வேஷம் போட்டு நிற்பவர்களாகிவிடுகிறார்கள். கியோத்தோ படங்களின் பத்து வாள்வீரர்களுக்கு நேர்ந்தது இதுதான். அவர்களை விரும்பிப் படித்தவர்களின் ஏமாற்றம் நியாயமானது.

ஹிரோகாஸு கொரே-எடா: மூன்று அளவுகளில் ஒரே கை

மங்காத் தழுவலைப் பேசும்போது கொரே-எடாவின் பெயர் அரிதாகவே வருகிறது. அது பெரிய இழப்பு. எழுத்தும் இயக்கமும் படத்தொகுப்பும் ஒரே ஆள் செய்யும் இவரிடம், மூலத்தின் அளவு மாறும்போது வேலை எப்படி மாறுகிறது என்பதை அருகருகே வைத்துப் பார்க்கலாம். நான்கு பேரில் வேறு யாரிடமும் இந்த வசதி இல்லை.

2009இல் வந்த 'ஏர் டால்' யோஷிஇயே கோதாவின் சுமார் 20 பக்கச் சிறுகதையிலிருந்து உருவானது. மூலத்தில் ஒரு கருத்துதான் இருக்கிறது: காற்றடைத்த பொம்மைக்கு இதயம் வருகிறது. பொம்மை கிழிந்து காற்று இறங்கும்போது வீடியோ கடைக்காரப் பையன் தன் மூச்சால் ஊதுவதுதான் அந்தக் கதையின் உச்சம். அந்த ஒரு தருணத்தை விதையாக வைத்து, சுற்றிலும் அதே அக்கம்பக்கத்தில் உள்ளீடு காலியாகிப்போன மனிதர்களை ஒவ்வொருவராக நட்டிருக்கிறார். சிறிய மூலத்தை நீட்டும்போது சம்பவங்களைக் கூட்டாமல் அதே கேள்வியைச் சுமக்கும் மனிதர்களைக் கூட்டுவது இந்த வழி. சம்பவம் கூட்டினால் சிறுகதையின் ஒருமை உடையும்.

2015இல் 'உமிமாச்சி டயரி'. அகிமி யோஷிதாவின் இந்த மங்கா 2006இல் தொடங்கி 2018இல் ஒன்பது தொகுதிகளாக முடிந்தது. படம் எடுத்தபோது கதை இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. காமகுராவில் பாட்டி விட்டுப்போன பழைய வீட்டில் மூன்று அக்காமார். வேறு தாய்க்குப் பிறந்த தங்கை சுஸு தந்தையின் சாவுக்குப் பிறகு அங்கே வருகிறாள். மூலத்தில் சுஸுவின் கால்பந்துக் குழுவுக்கும் அந்தப் பையன்களுக்கும் கணிசமான இடம் உண்டு. கொரே-எடா அதை ஓரத்துக்குத் தள்ளிவிட்டு வீட்டைப் பிடித்துக்கொண்டார். கதைக்கு எலும்பாக அவர் வைத்தது சாவுச்சடங்குகளை: தொடக்கத்தில் தந்தையின் இறுதிச் சடங்கு, நடுவில் பாட்டியின் நினைவுநாள், கடைசியில் உணவகம் நடத்திய அம்மாளின் இறுதிச் சடங்கு. இறந்த தந்தையை பிளாஷ்பேக்காகக் கொண்டுவரவே இல்லை. அவர் எப்படிப்பட்டவர் என்பதை நெத்திலிக் குஞ்சு வைத்த ரொட்டியின் ருசியிலிருந்தும், முற்றத்து உமே என்ற பிளம் வகை மரத்தின் காயில் ஊறப்போட்ட மதுவிலிருந்தும் பிள்ளைகளே கூட்டிக்கொள்கிறார்கள்.

முடியாத மூலத்தைத் தழுவ இதைவிடப் பாதுகாப்பான வழி தெரியவில்லை. கதையின் முடிச்சை அவிழ்க்கும் பொறுப்பைப் படம் ஏற்றுக்கொள்ளவே இல்லை. பருவங்கள் ஒரு சுற்று வந்ததும் படம் முடிகிறது. அடுத்த தொகுதியில் மூலம் எங்கே போனாலும் படம் பொய்யாகாது.

மூன்றாவது, 2023 ஜனவரியில் நெட்ஃப்ளிக்ஸில் வந்த 'மகானாய்'. ஐகோ கொயாமாவின் மங்கா, கியோத்தோவில் கெய்ஷா ஆகப் பயிலும் இளம்பெண்களின் (மாய்கோ) இல்லத்தில் சமையல்காரியாகும் பெண்ணின் கதை. ஒன்பது பகுதிகள். இங்கே கொரே-எடா எல்லாவற்றையும் தானே செய்யவில்லை. மெகுமி த்சுனோ, ஹிரோஷி ஒகுயாமா, தகுமா சாதோ ஆகிய இளையவர்கள் பகுதிகளைப் பிரித்து இயக்கினார்கள். அத்தியாயத்துக்கு ஒரு சமையல் என்று ஓடும் மூலம் இப்படிப் பிரித்துக்கொடுக்க வசதியானது. உணவை வடிவமைத்த நாமி இஜிமா போன்ற ஒருவர் எல்லாப் பகுதிக்கும் பொதுவாக இருந்ததால் வெவ்வேறு கைகளின் வேறுபாடு உறுத்தவில்லை.

இனி இந்த வழியின் விலை. முதல் விலை காலம். உமே காய்க்கும் மாதமும் செர்ரி பூக்கும் வாரமும் கால்ஷீட்டுக்குக் காத்திருக்காது. கதையில் நான்கு பருவம் இருந்தால் நடிகர்களைப் பல மாதங்களில் திரும்பத் திரும்ப ஒன்றுசேர்க்க வேண்டும். இரண்டு வாரத்தில் எடுத்துமுடிக்க வேண்டிய குறும்படக் குழுவுக்கு இது முடியாத காரியம். அவர்கள் ஒரே பருவத்துக்குள் அடங்கும் பகுதியைத்தான் வெட்டியெடுக்க வேண்டும்.

இரண்டாவது விலை எழுத்தில் தெரியாது. கொரே-எடா படப்பிடிப்பின்போதே மாற்றி எழுதுபவர். குழந்தை நடிகர்களிடம் தாளைக் கொடுக்காமல் அந்தந்த இடத்தில் வசனத்தைச் சொல்லிக்கொடுப்பது அவர் வழக்கம். சுஸுவாக நடித்த சுஸு ஹிரோஸேயும் தாள் இல்லாத வழியையே தேர்ந்தெடுத்தார். வெளியான திரைக்கதையை மட்டும் படித்து இவரைப் பின்பற்றுகிறவர்கள் சாப்பாட்டு மேசையும் மௌனமும் போதும் என்று நினைத்து, எதுவும் நடக்காத இருபது பக்கங்களை எழுதிவிடுகிறார்கள். அந்த மேசையில் யாருக்கு யார்மேல் என்ன கோபம் என்பது ஒவ்வொரு காட்சியிலும் தெளிவாக இருக்கிறது. வாய்விட்டுச் சொல்லப்படுவதில்லை, அவ்வளவே. உங்கள் காட்சிக்கு மேலே ஒரு வரியில் 'இவள் இங்கே சொல்லாமல் விடுவது' என்று எழுதிப் பாருங்கள். எழுத வரவில்லை என்றால் அந்தக் காட்சி வேண்டாம்.

அகிகோ நோகி: காகிதத்திலேயே தீர்ப்பவர்

1974இல் பிறந்த நோகி திரைப்படப் பள்ளியில் இயக்கம் படித்து, பிறகு எழுத்துக்கு மாறியவர். 2010இல் ஃபுஜி டிவியின் இளம் திரைக்கதையாளர் பரிசு வழியாக உள்ளே வந்தார்.

எல்லோரையும் திணறடிக்கும் சிக்கல் உள்குரல். சுனாமி உமினோவின் 'நிகெஹாஜி' மங்காவில் நாயகி மிகுரி ஓயாமல் மனதுக்குள் பேசுபவள், பகற்கனவு காண்பவள். அவள் சம்பளத்துக்கு மனைவி வேலை பார்க்கிறாள்; ஒப்பந்தம், கணக்கு, தயக்கம் எல்லாம் தலைக்குள்தான் நடக்கின்றன. அத்தனையையும் பின்னணிக் குரலாக்கினால் வானொலி நாடகம் ஆகியிருக்கும். 2016இல் டிபிஎஸ் சேனலின் தொடரில் அந்தப் பகற்கனவுகள் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளின் பகடியாக விரிந்தன. மிகுரி திடீரென்று ஓர் ஆவணப்பட நாயகியாகவோ தம்பதியர் பேட்டி நிகழ்ச்சியின் விருந்தினராகவோ தன்னையே பார்க்கிறாள். உள்ளே இருந்த பேச்சுக்கு இடமும் கேமராவும் எதிராளியும் கிடைத்துவிட்டன. 11 பகுதிகள், முதல் வாரம் 10.2 சதவீதமாக இருந்த பார்வையாளர் அளவு கடைசி வாரம் 20.8க்கு ஏறியது. அப்போதும் மூலம் முடிந்திருக்கவில்லை.

எதிர்த்திசையில் யமா வயாமாவின் 'கரோகே இகோ'. ஒரே தொகுதி. 2024இல் நொபுஹிரோ யமாஷிதா இயக்கிய திரைப்படத்துக்கு நோகி எழுதினார். பாட்டுக் கற்றுக்கொள்ள விரும்பும் யாகுசா என்ற தாதா கும்பல்காரனுக்கும் குரல் உடையும் வயதுப் பள்ளிப் பையனுக்கும் இடையிலான கதை. படத்துக்காக அவர் சேர்த்தவற்றில் ஒன்று, பழைய படங்களை வீடியோ டேப்பில் பார்க்கும் பள்ளி மன்றம். அங்கிருக்கும் கருவியில் டேப்பைப் பின்னால் சுற்ற முடியாது. போன குரல் திரும்பாது என்பதைப் பையனிடம் யாரும் சொல்ல வேண்டியதே இல்லை, கருவி சொல்லிவிடுகிறது. சேர்க்கை என்றால் இப்படி, மூலத்தின் அடிக்கருத்தைத் தொட்டுக்கொண்டு இருக்க வேண்டும்.

இந்த வழிக்குத் தாளும் நேரமும் போதும் என்பது இதன் கவர்ச்சி. மறைந்திருக்கும் செலவு, இறுதி வடிவம் உங்கள் கையில் இல்லாதது. தயாரிப்பாளர், சேனல், பதிப்பகம், இயக்குநர் என்று ஒவ்வொருவரின் குறிப்புக்கும் ஒவ்வொரு வரைவு. எந்த வரைவில் எந்த மாற்றம் யார் கேட்டு வந்தது என்று தேதியோடு எழுதி வைக்காத எழுத்தாளர், நான்காவது வரைவில் தன் கதையையே தொலைத்துவிடுவார்.

எந்த வழியானாலும் தப்பாத கணக்கு: மூல ஆசிரியர்

ஜப்பானியப் பதிப்புரிமைச் சட்டத்தில் தழுவல் உரிமை 27ஆம் பிரிவு, விற்கலாம், வாங்கலாம். 20ஆம் பிரிவு வேறு: தன் படைப்பைத் தன் விருப்பத்துக்கு மாறாகத் திரிக்கவிடாத உரிமை. அதை ஆசிரியர் யாருக்கும் கைமாற்றவே முடியாது. இந்தியாவில் 1957ஆம் ஆண்டுச் சட்டத்தின் 57ஆம் பிரிவு இதற்கு இணையானது. எனவே பதிப்பகத்திடம் பணம் கட்டி ஒப்பந்தம் போட்டதோடு வேலை முடிந்தது என்று நினைப்பது தவறு.

பணமும் பெரும்பாலும் ஆசிரியருக்குப் போய்ச் சேர்வதில்லை. 2012இல் 'தெர்மே ரோமே' படம் கிட்டத்தட்ட 600 கோடி யென் வசூலித்தது. மூல ஆசிரியர் மாரி யமசாகி தனக்குக் கிடைத்த பயன்பாட்டுத் தொகை சுமார் 10 லட்சம் யென் என்று வெளிப்படையாகச் சொன்னபோதுதான் பலருக்கு அது தெரிந்தது. பல நிறுவனங்கள் சேர்ந்து முதல்போடும் தயாரிப்புக் குழு முறையில், முதல் போட்டவர்களுக்கே பங்கு.

பணத்தைவிடக் கனமானது சொல். ஹினாகோ அஷிஹாராவின் மங்கா 2023 அக்டோபரில் நிப்பான் டிவியில் பத்துப் பகுதித் தொடராக வந்தது. மூலம் முடியாததால், அதற்கு உண்மையாக இருக்க வேண்டும் என்பது அவர் வைத்த நிபந்தனை. அந்த நிபந்தனை எழுதும் மேசைவரை முழுதாகப் போய்ச் சேரவில்லை. கடைசி இரண்டு பகுதிகளையும் அவரே எழுத வேண்டியதாயிற்று. 2024 ஜனவரி இறுதியில் அவர் இறந்துபோனார். சேனலும் பதிப்பகமும் அந்த ஆண்டின் மத்தியில் தனித்தனி விசாரணை அறிக்கைகளை வெளியிட்டன. ஆசிரியர் சொன்னது நடுவில் பல கைகள் மாறி வரும்போது எப்படி மென்மையாகித் தேய்ந்துபோகிறது என்பதை, தழுவல் வேலைக்கு வரும் ஒவ்வொருவரும் அவற்றிலிருந்து தெரிந்துகொள்ள வேண்டும். இந்த மரணத்தை ஒரு தொழில் எச்சரிக்கையாக மட்டும் சுருக்கிப் பேச மனம் வரவில்லை. அதே நேரம், பேசாமல் கடந்து போவதும் சரியில்லை.

வேறு மாதிரியும் இருக்கிறது. 2019இல் 'கிங்டம்' படத்தின் திரைக்கதையில் மூல ஆசிரியர் யாசுஹிசா ஹாராவின் பெயரும் எழுத்தாளர்களில் ஒருவராக இருக்கிறது. ஆசிரியருக்கு விருப்பமும் நேரமும் இருந்தால் அவரை மேசைக்கே அழைத்துவிடுவதுதான் நேர்வழி. இல்லையென்றால், எழுதத் தொடங்கும் முன் மூன்று கேள்விகளுக்கு எழுத்தில் பதில் வாங்குங்கள். எதை மாற்றவே கூடாது? முடிவு யாருடையது? வரைவை அவர் எத்தனை நாளுக்குள் பார்த்துச் சொல்வார்?

யாருக்கு எது

தனித்தனி அத்தியாயங்களாகச் சிரிக்கவைக்கும் படக்கதையும், கல்லூரியிலிருந்தே சேர்ந்து நடிக்கும் நான்கைந்து பேரும் இருந்தால் ஃபுகுதா. கின்டாமாவில் தொடங்காதீர்கள், 'அவோய் ஹோனோ'வின் பின்னிரவுப் பகுதிகளில் தொடங்குங்கள். உங்கள் பட்ஜெட்டுக்குப் பக்கத்தில் இருப்பது அது.

இருபது முப்பது தொகுதி, கதை முடிந்துவிட்டது, எங்கே வெட்டுவது என்று தெரியவில்லை என்றால் ஓதோமோ. சண்டையே இல்லாத கதையானாலும் பரவாயில்லை. முதல் படத்தையும் முதல் நான்கு தொகுதிகளையும் பக்கத்தில் வைத்து, இணைத்தது, முன்னிழுத்தது, தள்ளியது, விட்டது என்று நான்கு பத்தியில் பட்டியல் போடுங்கள். ஒரு வார வேலை. திரைக்கதையை விட்டுவிட்டுச் சண்டையைக் கற்க வருகிறவர்களுக்கு இவரைப் பரிந்துரைக்க மாட்டோம்.

முடியாத மூலம், நிதானமான கதை, கையில் பணம் குறைவு ஆனால் காலம் உண்டு என்றால் கொரே-எடா. மூலம் 20 பக்கமே என்றாலும் அவர்தான். அவசரத்தில் இருப்பவர்கள் இந்தப் பக்கம் வர வேண்டாம்.

இயக்கும் எண்ணம் இல்லாதவர்களுக்கும், மனதுக்குள் பேசும் பாத்திரத்தோடு மல்லுக்கட்டுகிறவர்களுக்கும் நோகி. எதுவும் முடிவாகவில்லை, முதல்முறை முயல்கிறோம் என்பவர்களுக்கும் இவரையே சொல்வோம், ஏனென்றால் தவறு செய்தால் கிழித்துப்போட வேண்டியது காகிதம் மட்டும்தான்.

இரண்டு பேரைக் கலக்கலாமா என்றால், ஓதோமோவின் வெட்டும் முறையும் நோகியின் உள்குரல் தீர்வும் நன்றாகச் சேரும். ஒன்று கதையின் வரிசையில் வேலை செய்கிறது, மற்றது காட்சிக்குள். ஃபுகுதாவும் கொரே-எடாவும் சேர மாட்டார்கள். ஒருவர் நடிகரை வாய்திறந்து நிரப்பச் சொல்கிறார், மற்றவர் விட்டுவிடச் சொல்கிறார். ஒரே காட்சியில் இரண்டையும் கேட்டால் நடிகர் தடுமாறுவார்.

யாரைத் தேர்ந்தாலும் முதல் வேலை ஒன்றுதான். ஜப்பானியர்கள் ஹகோகாகி என்று சொல்லும் பெட்டிக் குறிப்பு. நம் ஊரில் சீன் ஆர்டர் என்போமே, அதற்கு நெருக்கமானது. காட்சிக்கு ஓர் அட்டை. மேலே இடமும் பொழுதும், நடுவில் என்ன நடக்கிறது என்று இரண்டு வரி, கீழே மூலத்தின் தொகுதி எண்ணும் பக்க எண்ணும். மூலத்தில் இல்லாத காட்சிக்குப் பக்க எண் இடத்தில் சிவப்பு மையில் கோடு. அட்டைகளைச் சுவரில் ஒட்டித் தள்ளி நின்று பாருங்கள். சிவப்புக் கோடுகள் ஒரே இடத்தில் கூட்டமாகத் தெரிந்தால், அங்கே எழுதத் தொடங்கும் முன் மூல ஆசிரியரைக் கூப்பிட்டுப் பேசுங்கள்.